விசைப்பலகைக்குள் ஒரு மொழியுரிமை

விண்டோஸ் ஓடும் எந்தக் கணினியிலும் சிஸ்டம்32 என்ற கோப்புறையைத் திறந்து, ‘கேபிடி’ என்று தொடங்கும் கோப்புகளைப் பெயர்வரிசையில் அடுக்கிப் பாருங்கள். நூற்றுக்கும் மேற்பட்டவை வந்து நிற்கும். ஒவ்வொன்றும் ஏதோ ஒரு மொழிக்கான விசைப்பலகை அமைப்பு. தமிழுக்கான கேபிடிஐஎன்டிஏஎம் அவற்றில் ஒன்று. வரிசையில் இன்னும் கீழே போனால் கேபிடிஎஸ்ஓஆர்இஎக்ஸ், கேபிடிஎஸ்ஓஆர்எஸ்1, கேபிடிஎஸ்ஓஆர்எஸ்டி என்று மூன்று கோப்புகள் தென்படும். மூன்றும் சோர்பிய மொழிக்கானவை. மதுரையில் வாங்கிய கணினியிலும் அவை இருக்கும், மணிலாவில் வாங்கியதிலும் இருக்கும். ஒவ்வொன்றின் அளவும் சில கிலோபைட்தான். உலகத்தில் உள்ள விண்டோஸ் கணினிகளில் மிகப் பெரும்பாலானவற்றில் இவற்றை யாரும் ஒருமுறைகூட இயக்கப்போவதில்லை. அப்படியிருக்க, எல்லாக் கணினியிலும் எதற்கு என்று கேட்கத் தோன்றும். அவை எல்லாக் கணினியிலும் இருப்பதுதான் சரி. ஒரு சிறுபான்மை மொழிக்குச் சட்டம் தரும் உரிமை நடைமுறையில் செல்லுபடியாகிறதா இல்லையா என்பது இத்தகைய சிறு கோப்புகளில்தான் முடிவாகிறது என்பது என் வாதம்.

சோர்பியர்கள் ஜெர்மனியின் கிழக்கோரத்தில், லுசாட்டியா என்ற பகுதியில் ஆயிரம் ஆண்டுகளுக்கு மேலாக வாழும் ஸ்லாவிய மக்கள். தெற்கே சாக்சனி மாநிலத்தில் பௌட்சன் நகரைச் சுற்றிப் பேசப்படுவது மேல் சோர்பியம்; வடக்கே பிராண்டன்பர்க் மாநிலத்தில் கொட்புஸ் நகரைச் சுற்றிப் பேசப்படுவது கீழ் சோர்பியம். இரண்டும் தனித்தனி எழுத்து மரபு கொண்ட தனி மொழிகள். சோர்பியர்களின் எண்ணிக்கை சுமார் 60,000 என்று வழக்கமாகச் சொல்வார்கள். அவர்களில் மொழியை அன்றாடம் பேசுவோர் அதைவிட மிகக் குறைவு, கீழ் சோர்பியத்தின் நிலை இன்னும் மோசம். 1937-இல் நாஜி அரசு அவர்களின் தேசிய அமைப்பான டொமொவினாவை முடக்கியது. பொதுவெளியில் சோர்பியம் ஒடுக்கப்பட்டது. பிறகு பழுப்பு நிலக்கரிச் சுரங்கங்களுக்காகப் பல சோர்பியக் கிராமங்கள் இடித்து அகற்றப்பட்டன. இத்தனைக்கும் பிறகு அந்த மொழிகள் இன்று பள்ளியிலும் தேவாலயத்திலும் நாளிதழிலும் நிற்கின்றன. பௌட்சனிலிருந்து ‘செர்ப்ஸ்கே நோவினி’ என்ற சோர்பிய நாளிதழ் வெளிவருகிறது.

அந்த மூன்று கோப்புகளும் என்ன வேலை செய்கின்றன என்பதைக் கொஞ்சம் விரிவாகவே பார்க்க வேண்டும். நீங்கள் ஒரு விசையை அழுத்தும்போது விசைப்பலகை ‘ஏ’ என்றோ ‘அ’ என்றோ எந்த எழுத்தையும் கணினிக்கு அனுப்புவதில்லை. ‘இந்த வரிசையில் இத்தனையாவது விசை அழுத்தப்பட்டது’ என்று ஓர் எண்ணை மட்டும் அனுப்புகிறது. அந்த எண்ணை எழுத்தாக்குவது இயங்குதளத்தின் பொறுப்பு. அதற்கு ஓர் அட்டவணை வேண்டும்: இந்த விசை தனியாக அழுத்தப்பட்டால் இந்த எழுத்து, ஷிஃப்டுடன் என்றால் இது, வலதுபக்க ஆல்ட்டுடன் என்றால் வேறொன்று. சில விசைகள் இன்னும் நுட்பமானவை. அழுத்தியவுடன் திரையில் எதுவும் வராது. அடுத்து அழுத்தும் எழுத்தின் தலையில் ஒரு குறியை ஏற்றிவிட்டுத்தான் வெளிப்படும். இந்த விதிகள் எல்லாம் அடங்கிய அட்டவணைதான் விசைப்பலகை டிஎல்எல் கோப்பு. வழக்கமான டிஎல்எல் கோப்புகளில் நிரல் நிறைய இருக்கும். இதிலோ இயங்குதளத்திடம் ‘அட்டவணை இங்கே இருக்கிறது’ என்று காட்டும் ஒரே ஒரு செயற்கூறும், அட்டவணையும் தவிர வேறு ஏதும் இல்லை என்றே சொல்லிவிடலாம். எந்த மொழிக்கு எந்தக் கோப்பு என்ற பதிவு, விண்டோஸின் அமைப்புப் பதிவேடான ரெஜிஸ்ட்ரியில், மொழிக்கு ஓர் எண் என்ற முறையில் இருக்கிறது. சோர்பியத்தின் எண்ணின் கீழ் அங்கே மூன்று பதிவுகள் உள்ளன: பழைய தரம், விரிவான அமைப்பு, புதிய தரம். விண்டோஸ் 7 காலத்திலேயே மூன்றும் வந்துவிட்டன. புதிய தரம் வந்தபோது பழையதை அழிக்காமல் அதன் இடத்திலேயே விட்டுவைத்தார்கள். பழைய அமைப்பில் விரல் பழகியவர் கணினியைப் புதுப்பித்த மறுநாள் எழுத்தைத் தேடித் தவிக்க வேண்டாம் என்ற அக்கறை அதில் தெரிகிறது. பாராட்ட வேண்டிய முடிவு.

ஜெர்மன் விசைப்பலகை இருக்கும்போது தனி அமைப்பு எதற்கு? ஜெர்மன் எழுத முப்பது எழுத்துகள் போதும். சோர்பியத்துக்கு அவை போதாது. சி, எஸ், இசட், ஆர், இ ஆகியவற்றின் தலையில் சிறு கொக்கி ஏறிய எழுத்துகள், சி, என், ஓ போன்றவற்றின் மேல் வலப்புறம் சாயும் சிறு கோடு போட்ட எழுத்துகள், குறுக்கே கோடு வெட்டிய எல் எல்லாம் வேண்டும். மேல் சோர்பியத்தில் ஆர் கொக்கியோடு வரும், கீழ் சோர்பியத்தில் சாய்கோட்டோடு வரும். கீழ் சோர்பியத்தில் எஸ் மூன்று விதம்: வெறுமனே ஒன்று, கொக்கியோடு ஒன்று, சாய்கோட்டோடு ஒன்று. மூன்றும் மூன்று ஒலிகள். இசட்டுக்கும் அப்படியே. விண்டோஸின் வழக்கமான ஜெர்மன் அமைப்பில் சாய்கோடு போடும் விசை ஒன்று உண்டு, ஆனால் அது ஏ, இ, ஐ, ஓ, யு, ஒய் ஆகிய ஆறு எழுத்துகளின் மேல் மட்டுமே ஏறும். சி, என், எஸ், இசட் எதன் மேலும் ஏறாது. கொக்கி போடும் விசையோ அறவே கிடையாது. விளைவைப் புரிந்துகொள்ள ஓர் இலக்கணச் செய்தி போதும். மேல் சோர்பியத்தில் பெரும்பாலான வினைச்சொற்களின் அகராதி வடிவம் சாய்கோடு போட்ட சி எழுத்தில் முடியும். கீழ் சோர்பியத்தில் அதே இடத்தில் சாய்கோடு போட்ட எஸ் வரும். ஜெர்மன் அமைப்பை மட்டும் வைத்துக்கொண்டால் ‘இரு’, ‘செய்’, ‘போ’ போன்ற எளிய வினைகளைக்கூட அகராதியில் உள்ளபடி தட்டச்சு செய்ய முடியாது. இது எப்போதாவது வரும் அரிய எழுத்துகளின் பிரச்சினை அல்ல. ஒவ்வொரு வாக்கியத்திலும் இடறும்.

சோர்பிய விசைப்பலகை அமைப்பு ஜெர்மன் அமைப்பின் மேலேயே கட்டப்பட்டிருக்கிறது. ஜெர்மன் எழுத்துகள் ஒன்றும் போகவில்லை, சோர்பிய எழுத்துகள் கூடச் சேர்ந்திருக்கின்றன. காரணம் எளிது: ஏறக்குறைய எல்லாச் சோர்பியர்களும் இருமொழியினர். ஒரே கடிதத்தில் முகவரி ஜெர்மனிலும் செய்தி சோர்பியத்திலும் இருக்கும். மொழிக்கு மொழி அமைப்பை மாற்ற வேண்டியிருந்தால் விரைவிலேயே சலித்துப்போய் ஜெர்மனிலேயே நின்றுவிடுவார்கள்.

எழுத்து திரைக்கு வருவது ஒரு பாதி. அது அடுத்த கணினிக்குச் சேதமில்லாமல் போவது மறுபாதி. யூனிகோடு பரவுவதற்கு முன் இந்த இரண்டாம் பாதியில் சோர்பியம் பட்ட பாடு கொஞ்சமல்ல. அப்போது ஒரு குறியீட்டுப் பக்கத்தில் 256 இடங்கள்தான். மேற்கு ஐரோப்பாவுக்கு ஒரு பக்கம், மத்திய ஐரோப்பாவுக்கு இன்னொரு பக்கம் என்று பிரித்திருந்தார்கள். ஜெர்மனியில் விற்ற கணினிகள் மேற்குப் பக்கத்தில் இயங்கின. சோர்பிய எழுத்துகளோ போலிஷ், செக் எழுத்துகளோடு மத்தியப் பக்கத்தில் இருந்தன. அங்கே எழுதி இங்கே திறந்தால் கொக்கி போட்ட சி, பிரெஞ்சில் வரும் இடச்சாய்கோட்டு இ ஆக மாறும். சாய்கோட்டு என், ஸ்பானிய என் ஆகும். குறுக்குக் கோடிட்ட சிறிய எல், கணக்கில் கனத்தைக் குறிக்க மேலே போடும் சின்ன 3 ஆகிவிடும். அதன் பெரிய வடிவம் இருந்த இடத்தில் மேற்குப் பக்கத்தில் இருந்தது பிரிட்டிஷ் பவுண்டு சின்னம். லுசாட்டியாவைச் சோர்பியர்கள் தங்கள் மொழியில் எழுதும்போது முதல் எழுத்தே அந்தப் பெரிய எல்தான். தங்கள் தாய்நாட்டின் பெயரை எழுதி அனுப்பினால் அது பவுண்டு சின்னத்தோடு போய்ச் சேரும் என்பதுதான் அன்றைய நிலைமை. டிஸ்கி, டாப், பாமினி என்று எழுத்துருவுக்கு ஒரு குறியீடாகத் தடுமாறிய தமிழ் வாசகர்களுக்கு இந்தத் துன்பத்தை விளக்கிச் சொல்லத் தேவையில்லை. யூனிகோடு அந்தச் சிக்கலைத் தீர்த்தது. ஆனால் எழுத்துக்கு உலகளாவிய ஓர் எண் இருப்பதால் மட்டும் அதைத் தட்டச்சு செய்துவிட முடியாது. அந்த எண்ணை விரலுக்கு எட்டச் செய்வது விசைப்பலகை அமைப்பு.

இனி மறுப்புகளுக்கு வருகிறேன். முதல் மறுப்பு நல்ல எண்ணத்தோடு சொல்லப்படுவதுதான்: கொக்கியையும் கோட்டையும் விட்டுவிட்டு எழுதினாலும் படிப்பவருக்குப் புரியுமே, குறுஞ்செய்தியில் எல்லாரும் அப்படித்தானே எழுதுகிறார்கள்? வீட்டுக்குள் புரியும். தாய்மொழியாகப் பேசுபவர் சூழலை வைத்து ஊகித்துக்கொள்வார். ஆனால் சோர்பியத்தைத் தக்கவைக்கும் வழியாக இன்று நம்பப்படுவது வீட்டில் சோர்பியம் பேசாத குழந்தைகளுக்குப் பள்ளியில் மொழியைக் கொடுப்பது. 1998-இல் கொட்புஸ் பகுதியில் ஒரு மழலையர் பள்ளியில் தொடங்கிய ‘வித்தாய்’ திட்டத்தின் அடிப்படையே அதுதான். முழுக்க முழுக்கச் சோர்பியத்திலேயே குழந்தைகளோடு பேசிப் பழக்குகிறார்கள். அந்தக் குழந்தை வளர்ந்து படிக்கும்போது மூன்று எஸ்களும் ஒரே எஸ்ஸாக எழுதப்பட்டிருந்தால் எதை எப்படி ஒலிப்பது என்று ஊகிக்க அதற்கு வீட்டுப் பேச்சு இல்லை. குறிகளைக் கைவிட்டால் முதலில் வழிதவறுவது புதிதாகக் கற்பவர்கள்தான். எதிர்காலம் அவர்களை நம்பியிருக்கிற மொழிக்கு அது பெரிய இழப்பு.

இரண்டாவது மறுப்பு எண்ணிக்கையைப் பற்றியது. சில பத்தாயிரம் பேருக்காக நூறு கோடிக் கணினிகளில் எதற்கு? வேண்டியவர்கள் தனியே பதிவிறக்கிக்கொள்ளட்டுமே? கேட்க நியாயமாக இருக்கிறது. ஆனால் விசைப்பலகை அமைப்பை யார், எங்கே பயன்படுத்துகிறார்கள் என்று பார்த்தால் இந்த நியாயம் நிற்காது. ஜெர்மன் நீதிமன்ற அமைப்புச் சட்டத்தின் 184-ஆவது பிரிவு நீதிமன்ற மொழி ஜெர்மன் என்று சொன்ன கையோடு, சோர்பியர்கள் தங்கள் சொந்த வட்டாரங்களில் நீதிமன்றத்தில் சோர்பியம் பேசும் உரிமையை உறுதி செய்கிறது. பிராண்டன்பர்க் 1994-இலும் சாக்சனி 1999-இலும் சோர்பியர் உரிமைக்கெனத் தனிச் சட்டம் இயற்றின. ஆக, சோர்பியத்தில் எழுத வேண்டியவர்களில் பெரும் பகுதியினர் நீதிமன்றத்திலும் ஊராட்சி அலுவலகத்திலும் பள்ளியிலும் நூலகத்திலும் இருப்பவர்கள். அங்குள்ள கணினிகளில் ஊழியர் தம் விருப்பப்படி எதையும் நிறுவ முடியாது. நிர்வாகியின் அனுமதி வேண்டும், அதற்கு விண்ணப்பம், காத்திருப்பு. இயங்குதளத்தோடே வரும் அமைப்பு என்றால் அந்தத் தடை இல்லை. மொழி அமைப்புப் பகுதியில் போய்ச் சேர்த்துக்கொண்டால் முடிந்தது. ஒரு பெண்மணி அலுவலகத்துக்கு வந்து தன் பெயரைச் சொல்கிறார். எதிரே இருக்கும் எழுத்தர் அந்தப் பெயரைச் சரியாகப் பதிய அவருக்கு அரை நிமிடம்தான் இருக்கிறது. பதிவிறக்கிக்கொள்ளச் சொல்வது அந்த அரை நிமிடத்தில் பயன்படாது.

இதோடு பாதுகாப்பைப் பற்றிய கவலையும் சேரும். பயன்படாத கோப்பு கணினியில் இருந்தால் அது தாக்குதலுக்கு ஒரு வாசல் ஆகாதா என்று சிலர் கேட்கிறார்கள். அந்தக் கவலைக்கு அடிப்படை உண்டு என்பதை மறைக்கத் தேவையில்லை. 2010-இல் வெளிப்பட்ட ஸ்டக்ஸ்நெட் என்ற தீநிரல், விண்டோஸ் விசைப்பலகை அமைப்பை ஏற்றும் முறையில் இருந்த ஒரு குறையைப் பயன்படுத்திக் கணினியின் உச்ச அதிகாரத்தைக் கைப்பற்றியது. விசைப்பலகைக் கோப்பை இயங்குதளத்தின் மையக் கருவோடு (கெர்னல்) நெருங்கிய பகுதி நேரடியாகப் படிப்பதால் அது சாத்தியமாயிற்று. ஆனால் தீங்கு செய்தது வெளியிலிருந்து கொண்டுவரப்பட்ட, வேண்டுமென்றே கோளாறாக ஆக்கப்பட்ட கோப்பு. இயங்குதளத்தோடு வந்த கோப்புகளால் தீங்கு வரவில்லை. அந்த ஆண்டு அக்டோபரில் மைக்ரோசாஃப்ட் திருத்தம் வெளியிட்டுக் குறையை அடைத்தது. இந்த நிகழ்வு எனக்குச் சொல்வது மறுப்பாளர்கள் சொல்வதற்கு நேர் எதிரானது: விசைப்பலகை அமைப்பு தயாரிப்பாளரிடமிருந்து நேராக வருவதே பாதுகாப்பு. அது இல்லாத மொழியினர்தான் கண்ட கண்ட இடங்களில் டிஎல்எல் தேடி அலைய வேண்டியிருக்கும். இங்கே நம் வாசகர்களுக்கும் ஒரு சொல். உங்கள் கணினியில் ‘கேபிடி’ என்று தொடங்கும் கோப்பு காணவில்லை என்று செய்தி வந்தால், இலவசமாக டிஎல்எல் தருவதாகச் சொல்லும் தளங்கள் பக்கம் போகாதீர்கள். சிதைந்த கோப்புகளைத் தானே சரிபார்த்து மீட்கும் எஸ்எஃப்சி என்ற கருவி விண்டோஸுக்குள்ளேயே இருக்கிறது. அறிமுகமில்லாத மொழியின் கோப்பு என்பதற்காக, தேவையற்றது என்று நினைத்து எதையும் கையால் அழிக்கவும் வேண்டாம். மிச்சமாகும் இடம் ஒரு புகைப்படத்தில் நூற்றில் ஒரு பங்குகூட வராது.

மூன்றாவது மறுப்புதான் கனமானது. மொழியைக் காப்பது பள்ளியும் வீடும் வேலைவாய்ப்பும். விசைப்பலகைக் கோப்பைக் கொண்டாடுவது முக்கியமானதை விட்டுவிட்டு முக்கியமில்லாததைப் பிடித்துக்கொள்வது என்பது. லுசாட்டியாவிலேயே இதற்குச் சான்று உண்டு. 2001-இல் குரோஸ்ட்விட்ஸ் என்ற ஊரின் சோர்பிய நடுநிலைப் பள்ளியில் ஐந்தாம் வகுப்புக்கு 17 பிள்ளைகளே வந்தார்கள். 20 பேர் வேண்டும் என்று சொல்லி அந்த வகுப்பைத் தொடங்க மாநில அரசு அனுமதி மறுத்தது. பெற்றோர் போராடினார்கள்; கடைசியில் பள்ளியே மூடப்பட்டது. அன்று அந்த ஊருக்குத் தேவைப்பட்டது விசைப்பலகைக் கோப்பு அல்ல என்பதை முழு மனத்தோடு ஒப்புக்கொள்கிறேன். கோப்பு எந்த மொழியையும் தனியே காப்பாற்றாது. ஆனால் பள்ளியில் கற்ற எழுத்தை வெளியே எங்கும் எழுத முடியாது என்றால், அது பள்ளிக்கூடத்துக்கு மட்டும் உரிய எழுத்து என்று பிள்ளைகள் முடிவு கட்டிவிடுவார்கள். பள்ளிக்குச் செலவிடுவதா, கோப்புக்குச் செலவிடுவதா என்ற போட்டியும் இங்கே இல்லை. பள்ளிக்கு ஆண்டுதோறும் ஆசிரியரும் பணமும் வேண்டும். கோப்பை ஒருமுறை சரியாகச் செய்து வைத்தால் போதும், தலைமுறைக்கும் வேலை செய்யும்.

அந்த ஒருமுறை உழைப்புக்கு என்ன விளைந்தது என்பதைக் கண்கூடாகக் காணலாம். சரியான எழுத்துகளில் தட்டச்சு செய்த உரை சேரச் சேர, மொழிக்குக் கணினிப் பயன்பாடு பெருகியது. ஃபயர்ஃபாக்ஸ் உலாவியும் லிப்ரெஆஃபிஸும் இரண்டு சோர்பிய மொழிகளிலும் கிடைக்கின்றன. 2020-இல் உலக அளவிலான இயந்திர மொழிபெயர்ப்பு மாநாடான டபிள்யூஎம்டி, குறைந்த உரை கொண்ட மொழிகளுக்கான போட்டிக்கு மேல் சோர்பியத்தை எடுத்துக்கொண்டது. அதற்கு உரைகளைக் கொடுத்தவர்களில் முக்கியமானது வித்தாய் மொழி மையம். 2022-இல் மைக்ரோசாஃப்டின் மொழிபெயர்ப்புச் சேவையில் மேல் சோர்பியம் சேர்ந்தது. குறிகளை உதிர்த்து எழுதிய உரையாக இருந்திருந்தால் அதை வைத்து எந்த இயந்திரத்துக்கும் சரியான சோர்பியத்தைக் கற்பித்திருக்க முடியாது.

குறைகள் இல்லாமல் இல்லை. லினக்ஸ் இயங்குதளத்தில் ஜெர்மன் விசைப்பலகையின் உட்பிரிவாகக் கீழ் சோர்பியத்துக்கென இரண்டு வடிவங்கள் இருக்கின்றன. அதிகம் பேர் பேசும் மேல் சோர்பியத்தின் பெயர் அங்கே தனியாக இல்லை, பயனரே தேடித் தெரிந்துகொள்ள வேண்டும். விண்டோஸிலோ தலைகீழ்: இரண்டு மொழிகளுக்கும் சேர்த்து ஒரே தொகுதி, அதுவும் மேல் சோர்பியத்தின் எண்ணின் கீழ். இன்னும் பெரிய தடை விசைப்பலகைக்கு அப்பால் இருக்கிறது. எழுத்தைச் சரியாக அடித்தாலும், எதிரே இருக்கும் படிவம் ‘செல்லாத எழுத்து’ என்று திருப்பி அனுப்பினால் என்ன பயன்? இதற்காகத்தான் ஜெர்மனியில் டிஐஎன் 91379 என்ற தரம் 2022-இல் வந்தது. ஐரோப்பாவில் மனிதர்களின் பெயர்களில் வரும் லத்தீன் எழுத்துகள் எல்லாவற்றையும் அரசுக் கணினிகள் ஏற்றுச் சேமித்துத் திருப்பித் தர வேண்டும் என்பது அதன் சாரம். 2024 நவம்பர் 1-க்குள் அரசுத் துறைகள் அதற்கு மாற வேண்டும் என்று கெடு வைத்தார்கள்.

2025 மே 1 முதல் ஜெர்மனியின் புதிய பெயர்ச் சட்டம் நடைமுறைக்கு வந்துவிட்டது. சோர்பியப் பெண்கள் தங்கள் மரபுப்படி பெண்பால் ஈறு சேர்த்த குடும்பப் பெயரை இப்போது அதிகாரப்பூர்வமாகப் பதிந்துகொள்ளலாம். பௌட்சனிலும் கொட்புஸிலும் அந்தப் பெயர்களைப் பதியப்போகும் அலுவலகக் கணினிகளில் மூன்று கோப்புகளும் ஏற்கனவே இருக்கின்றன. அவற்றை இயக்கி வைப்பதும், தட்டிய எழுத்தை மாற்றாமல் ஏற்கும் படிவத்தைத் தருவதும் அந்த அலுவலகங்கள் செய்து முடிக்க வேண்டிய வேலை. அதைப் பொதுமக்கள் போய்க் கேட்டு வாங்கும் நிலை இருக்கக் கூடாது.